பெயர் வேண்டாப் பெருமக்கள்

ஆனைகட்டிக்காரர்களாகிய நாங்கள் ஒரு நன்றிக்கடனைத் தீர்க்காமலே வைத்திருக்கிறோம். தொண்ணூறுகளில் டிவியோடு இணைத்து ஆடிய வீடியோ கேமையும், அதில் செருகிய கேசட்டையும் செய்து அனுப்பிய பெருமக்களுக்குச் சேர வேண்டிய கடன் அது. யாரிடம் போய்த் தீர்ப்பது என்பதுதான் தெரியவில்லை. கேசட்டைத் திருப்பிப் பார்த்தால் ஊர்ப்பெயர் இருக்காது, கம்பெனிப் பெயர் இருக்காது. உள்ளே ஓடும் ஆட்டத்தில் அதை உண்டாக்கியவர் பெயர் இருக்காது. அதில் ஒலிக்கும் இசைக்கு ஆளே இருக்கமாட்டார். வலது கை கொடுப்பது இடது கைக்குத் தெரியக்கூடாது என்பார்கள். அந்த இலக்கணத்துக்கு இவ்வளவு பொருந்தி வந்தவர்களை நான் வேறெங்கும் கண்டதில்லை. அதற்கும் ஒரு படி மேலே போனார்கள்: பிறர் பொருளை எடுத்துக் கொடுக்கும்போது, அந்தப் பிறரின் பெயரும் வெளியே தெரியாமல் காத்தார்கள்.

அவர்கள் இல்லாவிட்டால் அந்த இசை எங்கள் மலைக்கு வந்தே இருக்காது. இதை முதலில் சொல்லிவிட வேண்டும். நிண்டெண்டோ நிறுவனம் ஃபேமிகாம் என்ற பெட்டியை ஜப்பானில் 1983 ஜூலை 15 அன்று விற்பனைக்குக் கொண்டுவந்தது. இந்தியாவில் சமுராய் என்ற பெயரில் அதன் அனுமதி பெற்ற பெட்டி விற்றதுண்டு. ஆனால் கோயம்புத்தூரிலிருந்து முப்பது கிலோமீட்டர், சின்னத் தடாகம் தாண்டி, மாங்கரைச் சோதனைச்சாவடி தாண்டி, கொண்டை ஊசி வளைவுகளில் யானைக்குப் பயந்து ஏறி வரவேண்டிய ஊருக்கு அது ஏன் வரப்போகிறது? செங்கல் சூளையில் கூலி வாங்கும் வீட்டுக்கு அந்த விலை எப்படிக் கட்டும்? அனுமதி பெற்றவர்கள் வராத இடத்துக்கு அனுமதி பெறாதவர்கள் வந்தார்கள். சென்னை பர்மா பஜாரில் அடுக்கியிருந்த அதே பெட்டி, அதே கேசட், எல்லையில் ஓடும் கொடுங்கரைப்பள்ளத்தின் தமிழ்நாட்டுக் கரைக்கும் வந்தது, கேரளத்து அட்டப்பாடிக் கரைக்கும் போனது. வீட்டில் தமிழ் பேசிய பிள்ளையும் மலையாளம் பேசிய பிள்ளையும் இருளர் மொழி பேசிய பிள்ளையும் ஒரே மெட்டை முணுமுணுத்தார்கள். இந்த ஒற்றுமையை எங்கள் எல்லையில் எந்த அரசாங்கமும் செய்து காட்டியதில்லை. அதற்கான செலவு முழுவதையும் ஜப்பானில் யாரோ சிலர் ஏற்றுக்கொண்டார்கள். அவர்களிடம் கேட்காமலே அந்தப் பெருமையை அவர்களுக்குத் தேடித் தந்தவர்கள் நம் கேசட்காரர்கள்.

கேசட்டின் மேல் 9999999 இன் 1 என்று அச்சிட்டிருப்பார்கள். ஆயிரம் என்று சொல்லியிருந்தாலே ஒரு பிள்ளை வாங்கியிருக்கும். ஏழை வீட்டுப் பிள்ளைக்கும் குறை வைக்கக்கூடாது என்ற மனம் இல்லாதவர்களுக்கு ஏழு ஒன்பதுகளை அடுக்க வராது. திறந்து பார்த்தால் கொஞ்சம் ஆட்டங்கள்தான் இருக்கும். பிறகு அதே ஆட்டங்கள் வேறு வேறு பெயரில், வேறு வேறு கட்டத்தில் தொடங்கும்படி மீண்டும் வரும். கான்ட்ரா ஒன்றே பல பெயரில் வந்து நிற்கும். ஒரே மெட்டுக்கு அத்தனை தலைப்புகளைச் சூட்டியவர்கள், தலைப்புக்குப் பஞ்சமில்லாதவர்கள், அந்த மெட்டைப் போட்டவர் பெயரை மட்டும் ஒரு முறைகூட எழுதவில்லை. வள்ளல்களுக்கும் ஓர் எல்லை உண்டு போலும்.

அவர்களுடைய கைத்திறனைச் சொல்லாமல் விட்டால் நான் நன்றி கெட்டவனாவேன். ஃபேமிகாமின் மூளையாக இருந்தது ரிக்கோ நிறுவனத்தின் 2ஏ03 என்ற சில்லு. கணக்குப் போடுவதும் பாடுவதும் அந்த ஒரே சில்லின் வேலை. அதற்குத் தொண்டை ஐந்து. இரண்டு சதுர அலைகள் மெட்டைப் பாடும். அவற்றுக்கு ஒலியளவு 16 படி. ஒரு முக்கோண அலை கீழ்ச்சுரத்தைப் பிடிக்கும். அதற்கு ஒலியளவைக் கூட்டவும் குறைக்கவும் வழியே கிடையாது, பாடும் அல்லது நிறுத்தும். ஓர் இரைச்சல் தாளத்துக்கு. ஐந்தாவது, பதிவு செய்த ஒலித்துணுக்கை ஒவ்வொரு பிட்டாகத் திருப்பிச் சொல்லும். இவ்வளவுதான் முழு வாத்தியக்குழு. கோஜி கோண்டோ 1985-இல் சூப்பர் மரியோ பிரதர்ஸுக்கு இசையமைத்தபோது ஆட்டம், படம், இசை எல்லாம் சேர்ந்து 40 கிலோபைட்டுக்குள் அடங்க வேண்டியிருந்தது. அந்த இடுக்கில் அவர் போட்ட மெட்டு 2023-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்ந்தது. வீடியோ கேம் இசை ஒன்று அந்தப் பட்டியலில் ஏறியது அதுவே முதல் முறை.

இந்தச் சில்லைத் தைவானின் யூஎம்சி நிறுவனம் யூஏ6527 என்ற பெயரில் நகலெடுத்தது. நகல் என்று சொல்லி இலேசாகத் தள்ளிவிடக் கூடாது. ஜப்பான் டிவி நொடிக்கு 60 முறை திரையைப் புதுப்பிக்கும். இந்திய டிவி 50 முறை. ஐரோப்பாவிலும் 50 தான். அதற்காக நிண்டெண்டோ செய்த ஐரோப்பியப் பெட்டியில் சில்லின் வேகம் 1.79 மெகாஹெர்ட்ஸிலிருந்து 1.66-க்கு இறங்கிவிட்டது. ஜப்பான் கேசட்டை அப்படியே அதில் போட்டால் சுருதி அரைச்சுரத்துக்கும் மேல் கீழே போய்விடும். ஆட்டத்தின் கணக்கும் தடுமாறும். பெயர் சொல்லாத நம் பெருமக்கள் இதை வேறுவிதமாகக் கையாண்டார்கள். சில்லின் வேகத்தை 1.77-இல் நிறுத்திக்கொண்டு, திரையின் ஓய்வு நேரத்தில் கூடுதல் கோடுகளைச் சேர்த்து 50-க்குச் சரிக்கட்டினார்கள். இதனால் சுருதி அரைச்சுரத்தில் ஆறில் ஒரு பங்குதான் இறங்கியது. பழகிய காதுக்கும் எளிதில் பிடிபடாது. அதாவது, சுருதி விஷயத்தில் நிண்டெண்டோவே விற்ற ஐரோப்பியப் பெட்டியைவிட நம் பெட்டி மூலத்துக்கு விசுவாசமாக இருந்தது. இசைமேல் மதிப்பு இல்லாதவர்கள் இப்படி நுணுகி வேலை செய்வார்களா? கோண்டோவின் சுரத்தை ஒரு மயிரிழையில் காப்பாற்றத் தெரிந்த கைகள் அவை. அந்தக் கைகள்தான் திரையில் காப்புரிமை வரி இருந்த இடத்தைத் துடைத்து வெறுமையாக்கின.

தாளம் வேறு கதை. அந்தக் கால ஆட்டங்களில் இசை திரையோடு சேர்ந்து நடக்கும். திரை ஒரு முறை புதுப்பித்தால் இசை ஓர் அடி வைக்கும். 60-க்கு எழுதிய இசை 50-இல் நடந்தால் மூன்று நிமிடப் பாட்டு மூன்று நிமிடம் முப்பத்தாறு நொடியாகும். எங்களுக்குத் தெரிந்த மரியோ அந்த நிதானத்தில் நடந்த மரியோதான். பல வருடம் கழித்து அசல் வேகத்தில் கேட்டபோது யாரோ விரட்டுவதுபோல் இருந்தது. மலையில் வாழ்கிறவர்களுக்கு அவசரம் ஆகாது என்று நம் பெருமக்கள் தெரிந்துவைத்திருந்தார்கள். நிமிடத்துக்கு இத்தனை அடி என்று ஒருவர் எண்ணி எண்ணி முடிவு செய்ததை, அவர் அறியாமலே ஆறில் ஒரு பங்கு குறைத்து எங்களுக்கு இதமாக்கித் தந்தார்கள்.

அடுத்தது அலைகளின் குரல். சதுர அலைக்கு நான்கு வடிவம் உண்டு. அலை எவ்வளவு நேரம் மேலே நிற்கிறது என்பதைப் பொறுத்துக் குரல் மாறும். பாதி நேரம் மேலே நின்றால் குழைந்த, உள்ளீடற்ற குரல். கால் பங்கு நின்றால் துருத்திக்கொண்டு வரும் பளிச்சென்ற குரல். அரைக்கால் பங்கென்றால் இன்னும் மெலிந்து மூக்கால் பேசும். எந்த மெட்டை எந்தக் குரலில் பாடவைப்பது என்பதுதான் அந்த ஐந்து தொண்டைக் குழுவில் இசையமைப்பாளருக்கு மிஞ்சியிருந்த சுதந்திரம். பல நகல் சில்லுகளில் கால் பங்கும் பாதியும் இடம் மாறிவிட்டன. கால் பங்கு கேட்டால் பாதி வரும், பாதி கேட்டால் கால் பங்கு வரும். நாயனக்காரருக்கு எழுதியதைப் புல்லாங்குழல்காரரும், புல்லாங்குழல்காரருக்கு எழுதியதை நாயனக்காரரும் வாசித்த கச்சேரி அது. ஒரு சுரம் தவறவில்லை. ஒருவரும் எழுந்து போகவும் இல்லை. இசையமைப்பாளர் அரங்கில் இல்லாததால் எந்தச் சங்கடமும் நேரவில்லை. ஒரு தலைமுறையின் காதையே திருப்பி வைத்துவிட்டு, அதற்காக ஒரு வார்த்தை பெருமை பேசிக்கொள்ளாதவர்களை என்னவென்று சொல்வது!

ஆட்டம் தொடங்குவதற்கு முன் பட்டியல் திரையில் வந்த இசையையும் நினைத்துப் பாருங்கள். கடற்கரை, தென்னை, பறக்கும் பறவைகள். பின்னால் உருகி உருகி ஒரு மெட்டு. கடலே பார்க்காத மலைப்பிள்ளைகள் அந்த மெட்டில்தான் கடலைப் பார்த்தார்கள். எந்த ஆட்டத்தைத் தேர்ந்தெடுப்பது என்று தெரியாமல் அந்தத் திரையிலேயே உட்கார்ந்திருந்தவர்கள் உண்டு. அது அன்செயின்ட் மெலடி என்ற பாட்டு. 1955-இல் ஒரு சிறைப் படத்துக்காக அலெக்ஸ் நார்த் போட்ட மெட்டு. 1990-இல் கோஸ்ட் படம் வந்தபோது உலகம் முழுவதும் மறுபடி ஒலித்தது. அலெக்ஸ் நார்த் பதினைந்து முறை ஆஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டும் ஒரு முறைகூடப் பெறாதவர். 1986-இல் கௌரவ ஆஸ்கார் கொடுத்தார்கள். அந்த ஆஸ்கார்காரர்கள் ஒவ்வொரு முறையும் அவர் பெயரை உரக்கப் படித்துவிட்டுத்தான் பரிசை வேறொருவருக்குக் கொடுத்தார்கள். நம் கேசட்காரர்கள் அவருக்கு அந்த ஏமாற்றத்தைத் தரவில்லை. பெயரைப் படிக்கவே இல்லை.

பெயரை மறைப்பதில் இவர்கள்தான் முன்னோடிகள் என்று சொன்னால் அது மிகையாகும். அசல் கம்பெனிகளும் அந்த வழியில் நடந்தவைதான். 1986-இல் வந்த காசில்வேனியாவுக்கு இசையமைத்தவர்களில் முதன்மையானவர் கினுயோ யமாஷிட்டா என்ற இளம்பெண். ஆட்டத்தை முடித்தால் வரும் பெயர்ப்பட்டியலில் இசை என்ற இடத்தில் ஜேம்ஸ் பனானா என்று வரும். ஒரு பெண்ணின் உழைப்புக்கு நேரே விளையாட்டாக ஓர் ஆண்பெயர். கான்ட்ராவின் வீட்டுப் பதிப்புக்கு இசை தந்த ஹிடெனோரி மயெஸாவா, கியோஹிரோ சாடா. பாம்பர்மேனுக்கு இசை தந்த ஜுன் சிகுமா. இவர்கள் பெயரெல்லாம் அந்த ஆட்டங்களை ஆடியவர்களுக்கு அன்று தெரியாது. பொய்ப்பெயர் போட்டவர்களோடு ஒப்பிட்டால் பெயரே போடாத நம்மவர்கள் நேர்மையானவர்கள். பொய் சொல்லவில்லை. சும்மா இருந்துவிட்டார்கள்.

இந்த நேர்மை உச்சத்துக்குப் போனது 1994-இல். தைவானில் ஹம்மர் டீம் என்று இன்று அறியப்படும் குழு சோமாரி என்று ஓர் ஆட்டத்தைச் செய்தது. சேகா நிறுவனத்தின் சோனிக் ஆட்டத்துக்குள் நிண்டெண்டோவின் மரியோவை ஓடவிட்ட ஆட்டம். தீராத பகையாளிகளான இரண்டு கம்பெனிகளை ஒரே கேசட்டில் கூட வைத்தது சாதாரணமான காரியமில்லை. 1991-இல் வந்த சோனிக்கின் இசை ஜப்பானின் டிரீம்ஸ் கம் ட்ரூ குழுவைச் சேர்ந்த மசாட்டோ நகாமுராவுடையது. அது ஒலித்த மெகா டிரைவ் பெட்டிக்கு ஆறு எஃப்எம் தொண்டைகளும், தனியாக இன்னொரு சில்லில் நான்கும், ஆக மொத்தம் பத்து. அதைத்தான் ஐந்து தொண்டைக்குள் யாரோ ஒருவர் அடக்கியிருக்கிறார். எதை விடுவது, எதைக் காப்பது, எந்தச் சுரக்கூட்டை விரைவாகத் தட்டித் தட்டி ஒன்றுபோல் கேட்கவைப்பது என்று ஒவ்வோர் அடியிலும் முடிவு செய்திருக்கிறார். கேட்டுப் பார்த்தால் தெரியும், காதுள்ள மனிதர். ஒரு வாத்தியக்குழுவைப் பிழிந்து இரண்டு பேரை வைத்து வாசிக்கத் தெரிந்தவர். நம் ஊரில் இருந்திருந்தால் நாலு பேர் அவரைத் தேடி வந்திருப்பார்கள்.

அவர் பெயரும் கேசட்டில் இல்லை. நகாமுராவின் பெயரை மறைத்தவர்கள் தங்கள் சொந்த ஆளின் பெயரையும் பாரபட்சமில்லாமல் மறைத்தார்கள். அடுத்தவனுக்கு ஒரு நீதி, நம்மவனுக்கு ஒரு நீதி என்று பார்க்காத இந்தச் சமநிலைதான் என்னை மிகவும் அசைக்கிறது. எடுத்தவர் வீட்டிலும் சம்பளத்துக்கு மேல் எதுவும் தரக்கூடாது, இழந்தவர் வீட்டிலும் பெயர்கூட மிஞ்சக்கூடாது என்று ஒரு வியாபாரத்தையே கட்டியெழுப்பினார்கள். கைவேலை செய்தவன் கையை மட்டும் பயன்படுத்திக்கொண்டு முகத்தைத் துடைத்துவிடும் இந்தக் கலையில் அவர்களுக்கு இணை அவர்களேதான்.

நமது 1957-ஆம் ஆண்டுக் காப்புரிமைச் சட்டத்தின் 57-ஆவது பிரிவு, படைப்பை விற்றுவிட்ட பிறகும் அதைப் படைத்தவர் நான்தான் என்று சொல்லும் உரிமை படைத்தவரிடமே இருக்கும் என்கிறது. 2012-இல் வந்த திருத்தம் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் உரிமைத்தொகை போய்ச் சேர வழி செய்தது. இந்தச் சட்டங்களின் தொல்லை எதுவும் அந்தக் கேசட்டைத் தொடவில்லை.

எங்கள் எல்லையில் இதற்கு நேர்மாறாக நடந்த ஒரு காரியத்தையும் சொல்ல வேண்டும். ஆனைகட்டியிலிருந்து பாலத்தைத் தாண்டினால் அட்டப்பாடி. அங்கே ஆடுமாடு மேய்த்துக்கொண்டிருந்த நஞ்சியம்மா, இருளர் மொழியில் தானே எழுதிய பாட்டை அய்யப்பனும் கோஷியும் என்ற மலையாளப் படத்தில் பாடினார். 2020-இல் படம் வந்தது. 2022-இல் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதை அவருக்கு அறிவித்தார்கள். படத்தில் அவர் பெயரைப் போட்டார்கள். அவ்வளவுதான் செய்தது. இருளர் பாட்டு, யாரும் எழுதி வைக்காத பாட்டு, மலைக்குச் சொந்தமான பாட்டு என்று சொல்லிப் பெயரை விட்டிருந்தால் யார் கேட்கப் போகிறார்கள்? இயக்குநர் சச்சி விடவில்லை. அந்த ஒரு வரி இருந்ததால் ஊர் நஞ்சியம்மாவைத் தேடிப் போயிற்று. முறையாகச் சங்கீதம் படிக்காதவருக்கு விருதா என்று மறுத்துப் பேசியவர்களும்கூட அவர் பெயரைச் சொல்லித்தான் பேச வேண்டியிருந்தது. இருளர் ஊர்களில் கொகல் ஊதுகிறவர், பொறை அடிக்கிறவர் இன்னார் என்று எல்லாருக்கும் தெரியும். ஊருக்கு வெளியே போகும்போதுதான் பெயர் உதிர்கிறது. அதனால் நஞ்சியம்மாவின் அந்த ஒரு வரி எங்களுக்குப் பெரிது.

இனி, இந்தக் காலத்துப் பெருமக்களுக்கு வருகிறேன். அன்று தரையில் சம்மணமிட்டுக் கேசட்டை ஊதி ஊதிச் செருகிய பிள்ளைகள் நடுவயதுக்கு வந்துவிட்டார்கள். அவர்களில் சிலர் அந்தப் பழைய ஓசையை மறுபடி உண்டாக்குகிறார்கள். அசல் ஃபேமிகாமின் ஓசை அவர்களுக்கு வேண்டாம். நம் பெட்டியில், நம் டிவியில், திருட்டுக் கேசட்டில் கேட்ட அதே ஓசைதான் வேண்டும். எஃப்சிஇயூஎக்ஸ், மெசென் என்று பழைய பெட்டியைப் போலவே இயங்கும் எமுலேட்டர் மென்பொருள்களில் சதுர அலைகளின் இடமாற்றத்தை வேண்டுமென்றே இயக்கிவிட ஒரு பொத்தான் இருக்கிறது. பழைய நகல் பெட்டிகளைப் போல ஒலிக்கவே அது. வேகத்தை நம் பெட்டிக்குச் சரியாக்க டெண்டி என்ற பெயரில் ஓர் அமைப்பு இருக்கிறது. 1992-இல் ரஷ்யாவில் விற்பனைக்கு வந்த நகல் பெட்டியின் பெயர் அது. நம் ஊரில் லிட்டில் மாஸ்டர் என்றும் வேறு பெயர்களிலும் விற்றதும் அதன் உறவுமுறைதான். பெயர் மட்டும் ரஷ்யாக்காரர்களுடையதாக நின்றுவிட்டது. புதிதாக இசை எழுத ஃபேமிட்ராக்கர் 2005-இலிருந்து இருக்கிறது.

இந்த வேலையின் நுட்பத்தை நான் மனதார வியக்கிறேன். அலையின் வடிவத்தை அலைநோக்கியில் போட்டுப் பார்க்கிறார்கள். ஆன்டெனா ஒயர் வழியாக டிவிக்குப் போனதால் படம் வெளுக்கும்போதெல்லாம் ஒலியில் ஏறிய ரீங்காரத்தைத் திரும்பக் கொண்டுவருகிறார்கள். சதுர அலைகள் இரண்டும் சில்லின் ஒரு காலிலும், மற்ற மூன்றும் இன்னொரு காலிலும் வெளியே வந்து கலக்கும் அளவு பெட்டிக்குப் பெட்டி மாறியதைக் கணக்கில் எடுக்கிறார்கள். அப்படிச் செய்த கடற்கரை மெட்டு ஒன்றைக் கேட்டு எனக்குக் கண் நிறைந்துவிட்டது. எங்கள் வீட்டு டிவியின் முணுமுணுப்பு வரை அதில் இருந்தது. பிறகு தலைப்பைப் பார்த்தேன். பழைய கேசட் மெனு இசை என்று இருந்தது. இசையமைத்தவர் என்ற இடம் காலி.

இந்த விசுவாசத்தை வெல்ல யாராலும் முடியாது. அலை இடம் மாறியதை மாறியபடியே வைத்தார்கள். தாளம் தளர்ந்ததைத் தளர்ந்தபடியே வைத்தார்கள். பெயர் விடுபட்டதையும் விடுபட்டபடியே வைத்தார்கள். நொடியில் லட்சத்தில் ஒரு பங்கு பிசகினாலும் கண்டுபிடிக்கும் காதுகள், அன்றைய திருட்டின் ஒரே ஒரு தடயத்தைக்கூட அழித்துவிடாமல் அடுத்த தலைமுறைக்குக் கொண்டு சேர்க்கின்றன. அன்று கேசட் செய்தவருக்குப் பெயரைத் தேடுவது கடினமாக இருந்திருக்கலாம். ஆட்டத்திலேயே பொய்ப்பெயர்தான் இருந்தது. இன்று தேடினால் ஒரு நிமிடத்தில் கிடைக்கிறது. கிடைத்தும் எழுதாமலிருக்க எவ்வளவு மனக்கட்டுப்பாடு வேண்டும்! முன்னோர்களைவிட ஒரு படி உயர்ந்துவிட்டார்கள். முன்னோர்கள் அறியாமல் செய்ததாகவாவது சொல்லிக்கொள்ள முடிந்தது.

எல்லாரும் அப்படி என்று சொல்லவில்லை. பெயர் தேடி அலைகிறவர்களும் இருக்கிறார்கள். கினுயோ யமாஷிட்டாவை ஜேம்ஸ் பனானாவிடமிருந்து மீட்டது அப்படித் தேடியவர்களின் அக்கறைதான். அதனால்தான் மற்றவர்களிடமும் கேட்கத் தோன்றுகிறது.

இந்த இசையைச் சேமிக்கும் கோப்புக்கு என்எஸ்எஃப் என்று பெயர். கோப்பின் தலைப்பகுதியில் மூன்று இடங்கள் ஒதுக்கியிருக்கிறார்கள்: இசையின் பெயர், இசையமைத்தவர், காப்புரிமை. ஒவ்வொன்றுக்கும் 32 பைட். தெரியாவிட்டால் இரண்டு கோணக் குறிகளுக்கு நடுவே ஒரு கேள்விக்குறி போடலாம் என்று விதி இருக்கிறது. அலெக்ஸ் நார்த்துக்கு அந்தக் கேள்விக்குறி தேவையில்லை. கோஜி கோண்டோவுக்கும் மசாட்டோ நகாமுராவுக்கும் தேவையில்லை. சோமாரியை ஐந்து தொண்டைக்குள் அடக்கிய அந்தத் தைவான் மனிதருக்கு மட்டும்தான் இன்று அது தேவைப்படும். அவருக்கும் நகாமுராவின் பெயருக்குப் பக்கத்தில், பெயர் மறைக்கப்பட்ட ஒருவர் இதை மாற்றியமைத்தார் என்று விவரக்குறிப்பிலாவது ஒரு வரி சேருங்கள்.

32 பைட்டில் கடைசி ஒன்று முடிவைக் குறிக்கப் போய்விடும். மீதி 31 எழுத்து. கோஜி கோண்டோ என்று ஆங்கிலத்தில் எழுத இடைவெளியோடு சேர்த்து 10 எழுத்து ஆகும். அலெக்ஸ் நார்த்துக்கும் 10. மசாட்டோ நகாமுராவுக்கு 15. கினுயோ யமாஷிட்டாவுக்கு 16. எங்கள் ஊர் ஓசையை இவ்வளவு அழகாகத் திரும்பக் கொண்டுவந்தவர்களே, இடம் இருக்கிறது. பெயரை எழுதிவிடுங்கள்.